எருக்கம்பால் இந்தப் புழுவை ஒன்றும் செய்யாதா?

கரிசல்மண்:
எங்கள் தோட்டத்து வேலியோரம் எருக்கு நிறைய நிற்கிறது. ஒரு இலையைக் கிள்ளினாலே பால் கொட்டும், மாடு வாய் வைக்காது. ஆனால் கறுப்பும் வெள்ளையும் மஞ்சளுமாக வரி போட்ட ஒரு புழு மட்டும் இலையை மொட்டையாக்குகிறது. உடம்பில் மூன்று ஜோடி கறுப்புக் கொம்புகள். மருந்து அடித்துவிடு என்கிறார் அப்பா. எனக்கு மனசு வரவில்லை.

வேலியோரம்:
அடிக்காதீர்கள். அது வெந்தய வரியன் வண்ணத்துப்பூச்சியின் புழு. எருக்கும் அதன் உறவுச் செடிகளும்தான் அதற்குச் சாப்பாடு, உங்கள் பருத்திக்கோ உளுந்துக்கோ வராது.

எருக்கம்பால் முதலில் பிசினாக வேலை செய்யும். கடிக்கிற பூச்சியின் வாயில் ஒட்டி, காற்றுப் பட்டதும் இறுகும். குஞ்சுப் புழு அதில் சிக்கிச் சாவதும் உண்டு. அதையும் தாண்டினால் கார்டினோலைடு என்ற நஞ்சு இருக்கிறது. உயிரணுவிலிருந்து சோடியத்தை வெளியே தள்ளி பொட்டாசியத்தை உள்ளே இழுக்கும் புரதத்தை அது முடக்கும். மாடு, மனிதன் என்றால் இதயத் துடிப்பே தடுமாறும்.

காலையில் செடிப் பக்கத்தில் கொஞ்ச நேரம் உட்கார்ந்து பாருங்கள். வளர்ந்த புழு எடுத்த எடுப்பில் இலையைத் தின்னாது. நடுநரம்பைக் கடித்துவிடும். பால் அந்தக் காயத்தில் வடிந்துவிடும், அதற்கு மேலே நுனிப்பக்கம் வரத்து குறைந்துபோகும். அப்புறம் நுனிக்குப் போய் நிதானமாகத் தின்னும். இவ்வளவு சின்ன உயிருக்கு இந்த வித்தை கைவந்திருப்பது எனக்கு இன்றும் பிரமிப்புதான்.

கரிசல்மண்:
சரி, பாலை வடித்தாயிற்று. இலையில் மிச்சம் இருக்கும் நஞ்சு?

வேலியோரம்:
அதை உடம்பிலேயே சேர்த்து வைத்துக்கொள்ளும். இதன் நெருங்கிய உறவான அமெரிக்க மோனார்க் வண்ணத்துப்பூச்சியில் நான் சொன்ன அந்தப் புரதமே சற்று மாறியிருக்கிறது, அதனால் நஞ்சு அதில் சரியாக ஒட்டாது. சேர்த்த நஞ்சு இறக்கை முளைத்த பிறகும் காவல். ஒருமுறை தின்று வாந்தியெடுத்த பறவை அடுத்தமுறை அந்த ஆரஞ்சு நிறத்தைக் கண்டாலே விலகும். நஞ்சில்லாத வேறொரு வண்ணத்துப்பூச்சியின் பெண் இதே நிறத்தில் வேடம் போட்டுத் தப்பிக்கிறது.

செம்பருத்தி:
புழுவைப் பாருங்கள், ஆனால் இலையைக் கிள்ளிய கையோடு கண்ணைக் கசக்காதீர்கள். எருக்கம்பால் பட்டால் சிலருக்கு வலியே தெரியாது, பார்வை மட்டும் மங்கும். கருவிழி உள்பக்கம் கெடலாம். உடனே நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவிவிட்டு, கண் டாக்டரிடம் போய்விடுங்கள்.

கரிசல்மண்:
அப்பாவிடம் சொல்லிவிட்டேன். வேலிப் பக்கம் மருந்து இல்லை.