மேடை நடிகர் மீஹால் மக்லியமோர்: உங்கள் நினைவில் நிற்கும் கணம் எது?

பின்வரிசை:
ஷேக்ஸ்பியரின் நாடகத்தை ஆர்சன் வெல்ஸ் படமாக்கிய ‘ஒதெல்லோ’வை இங்கே யாருக்கும் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. தொடக்கத்தில் சவ ஊர்வலம் சென்றுகொண்டிருக்க, சங்கிலியால் இழுத்துவரப்படும் வில்லன் இயாகோவை இரும்புக் கூண்டில் அடைத்து மதிலின் மேலே ஏற்றுகிறார்களே, அங்கேதான் இயாகோவாக நடித்த மக்லியமோரின் முகத்தை முதன்முதலாகப் பார்த்தேன். கம்பிகளுக்கு நடுவிலிருந்து கீழே நோக்கும் அந்தப் பார்வையில் அழுகையும் இல்லை, கெஞ்சலும் இல்லை. ஐந்து ஆண்டுகள் ஆகியும் அதன் பொருள் எனக்குப் பிடிபடவில்லை. ஹில்டன் எட்வர்ட்ஸுடன் சேர்ந்து 1928இல் டப்ளினில் கேட் நாடக அரங்கைத் தொடங்கி, நடித்து, எழுதி, அரங்கக் காட்சிகளையும் வடிவமைத்து மேடையிலேயே வாழ்ந்தவர், திரையில் விட்டுச்சென்ற பெரிய வேடம் இது ஒன்றுதான் என்பது எனக்கு ஆறாத வருத்தம்.

மஞ்சள் குடை:
அவரை ஐரிஷ்காரர் என்று எழுதும்போதெல்லாம் என் மனம் ஒப்புவதில்லை. 1899இல் லண்டனில் ஆல்ஃபிரட் வில்மோராகப் பிறந்து, சிறுவனாக அங்கேயே மேடையேறியவர் அவர்; அயர்லாந்தின் கார்க் நகரத்தில் பிறந்தேன் என்று சொன்னது அவரே புனைந்துகொண்ட கதை. ஆனால் அயர்லாந்தின் கால்வே நகரில் ஐரிஷ் மொழி நாடகங்களுக்கான தைவ்யார்க் அரங்கின் வாசலில் நின்றபோது, 1928இல் இந்த அரங்கம் திறக்கப்பட்டதே அவர் ஐரிஷ் மொழியில் எழுதிய, டியர்மிட், கிரானியா என்ற பழங்கதைக் காதலர்களைப் பற்றிய நாடகத்தோடுதான் என்பது நினைவுக்கு வந்து, உள்ளே போகாமல் வெகுநேரம் அங்கேயே நின்றுவிட்டேன்.

பழைய ஒலிநாடா:
உங்களைத் தடுத்து நிறுத்திய அந்த நினைவே உங்கள் தயக்கத்துக்கு விடை அல்லவா, மஞ்சள் குடை? பிறந்த வீட்டில் இல்லாத ஒரு மொழியைத் தேடிப்போய்க் கற்று, அதில் நாடகம் எழுதி, அதில் நாயகனாகவும் நடித்தவரை வெளியார் என்று ஒதுக்குவது நியாயமில்லை. நான் அவரை அறிந்தது குரலால் மட்டுமே: 1963இல் வந்த ‘டாம் ஜோன்ஸ்’ படத்தில் கதைசொல்லும் குரல் யாருடையது என்று பெயர்ப் பட்டியலில் தேடிக் கண்டுபிடித்தேன்.

பின்வரிசைக்கு ஒரு யோசனை. அடுத்த முறை ‘ஒதெல்லோ’வைப் பார்ப்பதற்கு முன், படப்பிடிப்பைப் பற்றி அவர் எழுதி 1952இல் வெளிவந்த நாட்குறிப்பைப் படித்துவிடுங்கள். பணம் தீர்ந்து படப்பிடிப்பு அடிக்கடி நின்று, ஆண்டுக்கணக்கில் இழுத்த படம் அது. மொரோக்கோவில் உடைகள் வந்து சேராததால்தான் இயாகோவிடம் ஏமாறும் ரோடரிகோ கொல்லப்படும் காட்சியை நீராவிக் குளியலறையில், துண்டு கட்டிய நடிகர்களை வைத்து எடுத்தார்கள். அதன்பின், ஐரிஷ் எழுத்தாளர் ஆஸ்கர் வைல்டைப் பற்றி 1960இல் அவர் தனியொருவராக நிகழ்த்திய நிகழ்ச்சியின் ஒலிப்பதிவை இரவில் விளக்கை அணைத்துவிட்டுக் கேளுங்கள். அந்த நாட்குறிப்புக்கு அவர் வைத்த தலைப்பு, ‘உன் பையில் பணம் போடு’ என்று இயாகோ ரோடரிகோவிடம் திரும்பத் திரும்பச் சொல்லும் அதே வரி.