இறக்கை வெட்டிய கோழி, இறகு கொட்டும் கோழி: உங்கள் வீட்டில் எப்படி?

கொருக்குப்பேட்டையிலிருந்து:

எங்கள் தெருவில் இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரு ஒற்றைச் சுவர்தான். சிறுவிடை ரக நாட்டுக்கோழிப் பெட்டை ஒன்று காலையில் திறந்துவிட்டதும் சுவரேறி, அடுத்த வீட்டு அக்கா மாடியில் காயவைத்த வடகத்தில் போய் நின்றுவிடும். "உன் கோயிய நீ புடிக்கிறியா, இல்ல நானே புடிச்சி கொயம்பு வெச்சிடவா?" என்று கேட்டேவிட்டார். சரி, இறக்கையை வெட்டிவிடலாம் என்று முடிவு செய்தோம்.

ஒரு பக்கம் மட்டும் வெட்டினால் போதும். இரண்டு பக்கமும் வெட்டினால் சமமாக இருப்பதால் அடித்துப் பிடித்துக் கொஞ்சம் எழும்பிவிடும். ஒரு பக்கம் என்றால் எழும்பும்போதே சாய்ந்து தரைக்கு வந்துவிடும். இருட்டிய பிறகு பிடித்தால் துள்ளாது. அம்மா மடியில் வைத்துத் துண்டால் போர்த்திக்கொள்ள, நான் இறக்கையை விரித்து, பின்னால் மொபைல் டார்ச்சைப் பிடித்துப் பார்த்தேன். நுனிப்பக்கம் நீளமாக இருக்கும் பத்து இறகுகள்தான் வெட்ட வேண்டியவை. மேலே மூடியிருக்கும் சின்ன இறகு வரிசையைத் தொடக் கூடாது. முற்றிய இறகின் தண்டு வெளுத்து, உள்ளே வெறுமையாகத் தெரிந்தது. ஒன்று மட்டும் அடியில் நீலமும் கருப்புமாக, மெழுகு போட்டது போன்ற உறை பிரியாமல் இருந்தது. அது வளர்ந்துகொண்டிருக்கும் இறகு, உள்ளே ரத்தம் ஓடும். அதை விட்டுவிட்டோம். கருங்கோழியில் முற்றிய தண்டும் கருப்பாகவே இருக்கும், அங்கே உறையை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

இப்போது கேள்வி என்னவென்றால், அதே கோழிக்கு ஐப்பசியில் கழுத்து மொட்டையாகிவிட்டது. வெட்டியதால்தான் என்கிறார் அக்கா. அப்படி நடக்குமா?

காசிமேட்டிலிருந்து:

நடக்காது. வெட்டிய இடம் நகம் மாதிரி, உயிர் கிடையாது. தலை, கழுத்தில் தொடங்கி மார்பு, உடம்பு, இறக்கை, வால் என்று போனால் அது வருஷத்துக்கு ஒருமுறை வரும் இறகு மாற்றம். பகல் குறையும் காலத்தில் பெரும்பாலும் வரும். சென்னையில் ஜூன் பகலுக்கும் டிசம்பர் பகலுக்கும் ஒன்றரை மணி நேரம்தான் வித்தியாசம் என்பதால் எல்லாக் கோழியும் ஒன்றாக உதிர்க்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். முடிய இரண்டு மூன்று மாதம் ஆகலாம், அதுவரை முட்டை நின்றுபோகும். புதுக் குருத்து வலிக்கும், தூக்கிக் கொஞ்ச வேண்டாம். வெட்டிய தண்டும் அப்போதுதான் விழுந்து புதிதாக முளைக்கும், ஆகவே திரும்பவும் கத்தரி எடுக்க வேண்டியிருக்கும்.

எந்த இடம் மொட்டை என்று முதலில் பாருங்கள். முதுகு மட்டும் என்றால் சேவல் மிதிப்பது. பத்துப் பெட்டைக்கு ஒரு சேவல் போதும். எங்கள் வீட்டில் நாலைந்து பெட்டைக்கு இரண்டு சேவல் இருந்தன, ஒன்றை அனுப்பிவிட்டோம் (எங்கே என்று கேட்காதீர்கள்). நெஞ்சு மொட்டை என்றால் அடைக்கோழி தானே பிடுங்கியிருக்கும், முட்டைக்கு உடம்புச் சூடு படுவதற்காக. பின்பக்கம் என்றால் இறகை விலக்கிப் பாருங்கள். தண்டின் அடியில் உப்புப் பொரிந்தது போல வெள்ளையாக ஒட்டியிருந்தால் பேன் முட்டை. ஒன்றையொன்று கொத்திப் பிடுங்கினால் இடம் பற்றவில்லை, அல்லது தீனியில் சத்து பற்றவில்லை.

இறகில் 80 விழுக்காட்டுக்கு மேல் புரதம்தான். வெறும் ரேஷன் அரிசி போட்டு இறகு முளைக்கச் சொன்னால் எங்கிருந்து முளைக்கும்? நாங்கள் நெத்திலிக் கருவாட்டுத் தலையைத் தண்ணீர் மாற்றி மாற்றி ஊறவைத்து, உப்பு போன பிறகு தவிட்டில் பிசைந்து வைக்கிறோம். உப்போடு போடாதீர்கள், கோழிக்கு ஆகாது.

வியாசர்பாடியிலிருந்து:

வெட்டும் விஷயத்தில் எனக்கு உடன்பாடில்லை. எங்கள் பக்கம் புறா வளர்ப்பவர்கள் புதுப் புறாவுக்கு இறக்கையைக் கட்டிவிடுவார்கள், பழகியதும் அவிழ்த்துவிடுவார்கள். கோழிக்கும் பறக்கத் தெரிவது நாயிடமிருந்து தப்பத்தான். தெருநாய் சுற்றும் சந்தில் வெட்டிவிட்டு வெளியே விட்டால் அது எங்கே ஏறும்? நான் பழைய மீன்வலையை வாங்கி மேலே கட்டிவிட்டேன். பருந்தும் வராது. ராத்திரிக்கு மட்டும் அடியில் பலகை அடித்த கூண்டு வேண்டும், பெருச்சாளி வலையைக் கடித்துவிடும்.

மேலே யாரும் சொல்லாத ஒன்று, செல் என்கிற ரத்தம் குடிக்கும் பொடிப் பூச்சி. பகலில் கோழி மேல் தேடினால் கிடைக்காது. மரப் பலகையின் இடுக்கில் ஒளிந்திருந்து ராத்திரியில்தான் ரத்தம் குடிக்கும். கோழி கூண்டுக்குள் போக மறுத்தால் சந்தேகப்படுங்கள். இருட்டிய பிறகு வெள்ளைத் துணியால் கோழி உட்காரும் கழியின் அடிப்பக்கத்தைத் துடைத்துப் பாருங்கள், சிவப்புக் கோடு விழுந்தால் செல்தான். நான் கூண்டைக் கழற்றிக் கொதிநீர் ஊற்றி, வெயிலில் காயவைத்து, இடுக்கெல்லாம் சுண்ணாம்பு அடித்தேன். குறைந்தது, முழுதாகப் போகவில்லை. மருந்து என்றால் கடையில் கேட்டு அடிக்காமல் வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரிக்கே கோழியைக் கொண்டுபோய்க் காட்டுங்கள். மருந்து போட்ட பிறகு எத்தனை நாள் முட்டை சாப்பிடக் கூடாது என்பதையும் அங்கேயே கேட்டுக்கொண்டு வாருங்கள்.