தற்காரணக் கண்ணி, முதலிலி: இரண்டு சொற்கள் பரிசீலனைக்கு

> ‘காலச் சுழல்’ என்றாலே எல்லோருக்கும் புரிகிறதே, புதுச்சொல் எதற்கு?

ஐயா, காலப்பயணக் கதைகளுக்கான நம் சொற்பட்டியலில் பெயர் தேடுவது, பின்னால் நடப்பதே முன்னால் நடந்ததற்குக் காரணமாகும் அமைப்புக்கு (causal loop). ‘காலச் சுழல்’ என்றால் புரிவது வேறொன்று, அதுதான் சிக்கல். ‘சுழல்’ என்றதும் ஒரே நாள் திரும்பத் திரும்ப வரும் கதைதான் நினைவுக்கு வரும். அங்கே சுற்றுகளை எண்ணலாம். ஏழாம் சுற்றில் நாயகனுக்கு ஆறாம் சுற்றின் நினைவு இருக்கும். தன்னைத் தானே விளைவிக்கும் கண்ணியில் எதுவும் இரண்டாம் முறை நடப்பதில்லை. பின்னால் நடப்பது முன்னால் நடந்ததற்குக் காரணமாகிறது, அவ்வளவுதான். ஆகவே சுழல், சுழற்சி, சுற்று மூன்றையும் கழித்துவிடலாம். நிரலாக்கத்தில் லூப்புக்கு வழங்கும் ‘மடக்கு’ம் திரும்பத் திரும்ப ஓடுவதையே குறிக்கிறது. ‘தான்தோன்றி’ பொருளுக்கு நெருங்கி வருகிறது, ஆனால் தான்தோன்றித்தனம் அதைக் கெடுத்து வைத்திருக்கிறது.

என் முன்மொழிவு: தற்காரணக் கண்ணி. தற்காப்பு, தற்பெருமை போலத் தன் + காரணம்.

எடுத்துக்காட்டுக்கு, ஒரு கற்பனை நாட்டில் ஒரு மதகு இருக்கிறது. அதற்குள் நுழைந்தால் 30 ஆண்டு முன்னால் வெளிவரலாம். திறக்க ஒரு வெண்கலச் சாவி வேண்டும். 20 வயது வார்ப்புக்காரியிடம் ஒரு மூதாட்டி அந்தச் சாவியைத் தருகிறாள். 50 வயதில் இவளே மதகுக்குள் போய், சில காலம் கழித்து, 20 வயதுத் தன்னிடம் அதைக் கொடுக்கிறாள். சாவியை வார்த்தவர் எவருமில்லை.

இதில் வார்ப்புக்காரியின் வாழ்க்கைக் கோடு திறந்ததுதான். பிறக்கிறாள், மூப்படைகிறாள், இறக்கிறாள். நடுவில் சில காலம் அவள் இருவராக நாட்டில் நடமாடுகிறாள் (எழுதுகிறவர்கள் அடிக்கடி மறந்துவிடும் கணக்கு இது). தொடக்கமும் முடிவும் இல்லாத மூடிய கோடு சாவிக்கு மட்டுமே. இப்படிப்பட்ட பொருளை இயற்பியலாளர்கள் லாசெவும் நோவிகோவும் 1992இல் ‘ஜின்’ என்று அழைத்தார்கள். நமக்கு ‘முடிவிலி’ ஏற்கெனவே இருக்கிறது. அதே அச்சில், தொடக்கமில்லாத இதை ‘முதலிலி’ எனலாம்.

---

> முதலிலி

நல்ல சொல். ஆனால் சாவி தேயுமே? 30 ஆண்டில் பல் ஒரு மில்லிமீட்டர் தேய்ந்தால் என்ன ஆகும்?

---

“சுற்றுக்குச் சுற்று தேய்ந்துகொண்டே போகும்” என்று சிலர் எழுதுகிறார்கள். அது பிழை, தேய்ந்துகொண்டு போக அடுத்த சுற்று கிடையாது. கைமாறும் அந்த ஒரே கணத்தில் ஒரே பல்லுக்கு இரண்டு அளவு வந்துவிடும். முரண்பாடு அங்கேயே முடிந்தது. வழி இரண்டு. ஒன்று, 30 ஆண்டுக்குள் யாராவது தேய்ந்ததைத் துல்லியமாகப் பழைய நிலைக்குக் கொண்டுவர வேண்டும். களிம்பு, கீறல், அழுக்கு எல்லாம் சேர்த்து. அதற்கு வெளியிலிருந்து ஆற்றல் செலவாகும். லாசெவ், நோவிகோவ் சொன்னதும் இதையே.

மற்றது எளிது. அவள் பழைய சாவியைப் பார்த்துப் புதிதாக ஒன்று வார்க்கிறாள், புதியதை எடுத்துப்போகிறாள், பழையது பெட்டியில் கிடக்கிறது. இப்போது உலோகத்துக்குச் சுரங்கம் உண்டு, வார்த்த கையும் உண்டு. குடம் வனைவதை வைத்து நம் பழைய கணக்கில் சொன்னால் முதற்காரணம் (மண்), துணைக்காரணம் (சக்கரம்), நிமித்தகாரணம் (குயவன்) மூன்றுமே இருக்கின்றன. பல்லின் வடிவத்தை யோசித்தவர் மட்டும் இல்லை. முன்னது பொருள் முதலிலி, இது செய்தி முதலிலி. பிரதி எடுக்கும்போது ஒரு பல்லை அவள் ‘திருத்தினால்’ கண்ணி உடையும்: அவள் பெற்றதே திருத்திய சாவியாக இருந்திருக்க வேண்டும்.

---

அந்தாதியை யாரும் தொடவில்லையே! ஈற்றுச் சொல் முதற்சொல்லாவதுதானே இது? ‘கால அந்தாதி’ என்றால் அழகாகவும் இருக்கும்.

---

அழகு உண்டு, பொருத்தம் பாதிதான். அந்தாதி என்பது ஒரு பாட்டின் ஈறு அடுத்த பாட்டின் தொடக்கமாவது. அது முன்னோக்கிய தொடர். கடைசிப் பாட்டின் ஈறு முதற்பாட்டின் தொடக்கத்தோடு சேரும்போதுதான் மண்டலித்தது என்கிறோம். நமக்கு வேண்டியது அந்தச் சேர்க்கை. எனவே பெயருக்குத் தற்காரணக் கண்ணி, வினைக்கு மண்டலி: “சாவி கைமாறியதும் கண்ணி மண்டலித்தது”, “பல்லின் அளவு ஒவ்வாததால் மண்டலிக்கவில்லை”. 1949இல் கணிதவியலாளர் கோடல் தன் சுழலும் அண்டத்தில் காட்டிய, தொடங்கிய கணத்துக்கே திரும்பிவரும் மூடிய காலப்பாதைக்கும் இவ்வினை பொருந்தும்.

---

> மண்டலிக்கவில்லை

அப்படி ஒரு நிலை உண்டா? அவள் சாவியைத் தர மறுத்தால்?

---

மறுக்க முயலலாம், முயற்சியும் கண்ணிக்குள் அடங்கியிருக்கும். பில்லியர்ட்ஸ் பந்துக் கணக்கு இதற்கு உதவும். புழுத்துளை (காலவெளியில் ஒரு குறுக்குவழி) வழியே முந்திய கணத்துக்கு வந்த பந்து, தன்னையே நேராக மோதித் துளைக்குள் போகவிடாமல் தடுத்தால் முரண். 1991இல் இயற்பியலாளர்கள் எச்செவெரியா, கிளிங்கம்மர், தோர்ன் மூவரும் வேறு விடைகளைக் காட்டினார்கள்: பந்து உரசிக்கொண்டு போகிறது, அந்த உரசலால் பாதை சற்றே விலகுகிறது, அந்த விலகலால்தான் நேராக மோதாமல் உரசுகிறது. ஒரே தொடக்க நிலைக்கு இப்படிப் பல விடைகள் அமைகின்றன. வார்ப்புக்காரி சாவியை ஆற்றில் எறியட்டும். இளையவள் அதை வலையில் எடுத்தால் போதும். ஆனால் மூதாட்டி கையில் கொடுத்ததாக முதல் அத்தியாயத்தில் எழுதியிருந்தால் இந்த விடை செல்லாது. ‘மண்டலிக்கவில்லை’ என்பது கதைக்குள் நடக்கும் நிகழ்ச்சியன்று. எழுதியவர் கணக்கில் விட்ட பிழை. சொற்பட்டியலில் வினைக்கு எதிரே இந்தக் குறிப்பையும் சேர்த்துவிடுங்கள்.