ஐத்தோரைப் ‘பேய்’ என்று அழைக்கலாமா?

குழுமத்தாருக்கு வணக்கம்.

இந்த இழை ‘பேய்ச்சொல்’ (ஆங்கிலத்தின் ‘கோஸ்ட் வேர்ட்’) என்பதிலேயே முடிந்துவிடும் போலிருக்கிறது. நாலு பேர் சரி சொல்லியாயிற்று. ஐந்தாவது ஆளாக நான் வேண்டாம் என்கிறேன். காரணம் கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதல் மடலில் தோழி கேட்டது இது:

> பாஸ்க் மொழி ஆண்பெயர்களைப் பற்றிய கட்டுரை ஒன்றை மொழிபெயர்க்கிறேன். ‘ஐட்டர்’ என்ற பெயர் பிழையான வாசிப்பில் பிறந்தது என்கிறார்கள். அப்படிப் பிறந்த சொல்லுக்குத் தமிழில் என்ன சொல்வது?

முதலில், அது ஐட்டர் இல்லை. ஸ்பெயின், பிரான்ஸ் எல்லையில் வழங்கும் அந்த மொழியில் வருவது நம் ‘பத்து’வில் இருக்கும் தகரம். ஆங்கிலத்தின் வாசல் வழியாக உள்ளே வந்ததால் டகரமாகிவிட்டது. ஐத்தோர் என்றே எழுதுவோம். பந்தாட்டம் பார்க்கிறவர்களுக்கு ஐத்தோர் கராங்கா நினைவிருக்கலாம்.

இனி அந்தப் பெயரின் கதை. பாஸ்க் மொழியில் உயர்குடியினரை ‘ஐத்தோரென் செமேயாக்’ என்பார்கள். செமே என்றால் மகன், செமேயாக் என்றால் மகன்கள். முன்னால் நிற்கும் ‘ஐத்தோரென்’தான் சிக்கல். மொழியியலார் இதை ‘ஐத்தா ஓனென்’ என்பதன் தேய்ந்த வடிவம் என்கிறார்கள். ஐத்தா என்றால் அப்பா, ஓன் என்றால் நல்ல, கடைசி ‘-என்’ ஆறாம் வேற்றுமை உருபு. அங்கே பெயரடை பெயருக்குப் பின்னால்தான் வரும், ‘அப்பா நல்ல’ என்பதுபோல. ஆக மொத்தம் ‘நல்ல தந்தையரின் மக்கள்’, அதாவது நல்ல குடியில் பிறந்தவர்கள். ஸ்பானியத்தில் உயர்குடியானைச் சொல்லும் ‘இதால்கோ’வும் ‘ஏதோ ஒன்றின் மகன்’ என்ற தொடர் சுருங்கி வந்ததுதான். ‘ஐத்தோனென் செமே’ என்ற வடிவமும் பாஸ்கில் உண்டு. அதில் ‘ஓன்’ இன்னும் கண்ணுக்குத் தெரிகிறது. ‘ஐத்தோரென்’ ஆனபோது னகரம் ரகரமாகி அடையாளம் அழிந்துவிட்டது.

இந்த இடத்தில்தான் ஒகுஸ்தேன் ஷாஓ வருகிறார். பிரான்ஸ் பக்கத்துப் பாஸ்க் பகுதியான சுபெரோவாக்காரர், இதழாளர், கற்பனை வளம் மிக்கவர். ‘ஐத்தோர் + என்’ என்று அவர் பிரித்தார். ‘மிக்கேலென் செமே’ என்றால் மிக்கேலின் மகன், அப்படியானால் ‘ஐத்தோரென் செமேயாக்’ என்றால் ஐத்தோரின் மக்கள். இலக்கணப்படி குற்றமே சொல்ல முடியாது. ஆனால் ஐத்தோர் என்று யாரும் இருந்ததில்லை. அதனால் என்ன, ஷாஓ ஒருவரை உண்டாக்கிக் கொடுத்தார். பாஸ்க் மக்களின் ஆதித் தந்தை ஐத்தோர் என்று ஒரு புராணம் எழுதி 1845இல் தம் இதழிலேயே வெளியிட்டார். 1870களின் கடைசியில் ஸ்பானிய எழுத்தாளர் நவார்ரோ வில்லோஸ்லாடா ஒரு வரலாற்று நாவலில் அந்த ஆதித் தந்தையை எடுத்தாள, கதை ஸ்பெயின் பக்கமும் பரவியது. அப்புறம் பெற்றோர் பிள்ளைகளுக்கு வைக்கத் தொடங்கினார்கள். ஒரு காலத்தில் உலகத்திலேயே இல்லாத ஆண்பெயர், இன்று பாஸ்க் நாட்டில் தெருவுக்கு ஒன்று.

எனக்கு இதில் பிடித்த விஷயம் இன்னொன்று. அந்தத் தொடரின் மற்றப் பாதியான செமே உண்மையிலேயே பழசு. பாஸ்கின் மூதாதை மொழி வழங்கிய அக்கித்தானியப் பகுதியில், ரோமானியர் காலத்து லத்தீன் கல்வெட்டுகளில் ‘செம்பெ’ என்று தொடங்கும் ஆட்பெயர்கள் இருக்கின்றன. அது இன்றைய செமேதான் என்பது ஏற்கப்பட்ட கருத்து. கல்லில் கிடக்கும் ‘மகன்’ பொதுச்சொல்லாகவே இருக்கிறான், முந்தாநாள் வந்த ஐத்தோர் ஆதித் தந்தை ஆகிவிட்டான்!

சரி, கலைச்சொல்லுக்கு வருவோம்.

> ‘பேய்ச்சொல்’ நேரான பெயர்ப்பு. ஆங்கிலத்திலும் அதுதானே?

நேரான பெயர்ப்புதான், ஆனால் வேறு பொருளுக்கு. ஆங்கிலச் சொல்லாராய்ச்சியாளர் வால்டர் ஸ்கீட் 1886இல் அந்தப் பெயரை வைத்தது அச்சுப்பிழையாலோ பதிப்பாசிரியர் கைத்தவறாலோ ஏட்டில் மட்டும் தோன்றி, எவர் வாயிலும் வழங்காத சொற்களுக்கு. பிரபலமான உதாரணம் 1934ஆம் ஆண்டு வெப்ஸ்டர் பேரகராதியில் ஏறிய ‘டோர்ட்’. ‘பெரிய டி அல்லது சின்ன டி, அடர்த்தியின் குறியீடு’ என்று எழுதி வைத்த சீட்டில், நடுவிலிருந்த ‘அல்லது’வையும் (ஆங்கிலத்தில் ‘ஆர்’) சேர்த்து ஒரே சொல்லாகப் படித்துவிட்டார்கள். ‘டோர்ட்: அடர்த்தி’ என்று ஒரு பதிவு உருவாகி, 1939இல் ஓர் ஆசிரியர் கண்ணில் படும்வரை அகராதிக்குள் குடியிருந்தது. யாரும் அதைப் பேசவில்லை. அதைப் பேய் என்றால் தகும்.

ஐத்தோர் அப்படியில்லை. அவன் பள்ளிக்கூடம் போகிறான், பந்து உதைக்கிறான், வரி கட்டுகிறான். கட்டுரையை ஒரு ஐத்தோர் படித்து, ‘என் பெயருக்கு உங்கள் மொழியில் என்ன வகை?’ என்று கேட்டால், ‘பேய்ப்பெயர் தம்பி’ என்று நான் சொல்லமாட்டேன். பாஸ்க் பெயர்களுக்கு ஒரு பின்கதையும் இருக்கிறது. ஸ்பெயின் உள்நாட்டுப் போரின் நடுவில், 1938 மே மாதம், தளபதி பிராங்கோ தரப்பு அரசு பிறப்புப் பதிவேட்டில் பாஸ்க் பெயர்களைத் தடை செய்தது. வீட்டில் ஒரு பெயர், ஏட்டில் அதற்குக் காஸ்தில்லிய (அதாவது ஸ்பானிய) பெயர் என்றே ஒரு தலைமுறை வளர்ந்தது. 1977 ஜனவரியில் வந்த சட்டம்தான் ஸ்பெயினின் எந்த மொழியிலும் பெயர் வைக்க முழுமையாக வழிவிட்டது. அதன்பிறகு பதிவு மேசையில் போய் ‘ஐத்தோர்’ என்று உரக்கச் சொன்ன ஒரு தகப்பனுக்கு ஷாஓவின் இலக்கணப் பிழை ஒரு பொருட்டா?

பிறப்பில் தவறு இருக்கலாம், பிறந்தது தவறில்லை. ஆகவே நாம் பெயர் வைக்க வேண்டியது நிகழ்வுக்குத்தான், விளைந்த சொல்லுக்கு இல்லை.

> ‘பொய்ப்பகுதி’ என்று சொல்லலாமே? பகுபத உறுப்பிலக்கணத்தோடு ஒட்டிப்போகும்.

மதுரை ஐயாவின் இந்தப் பரிந்துரை உள்ளதிலேயே கூர்மையானது. ஐத்தோரென் = ஐத்தோர் + என் என்று பிரித்து, ஐத்தோர் பகுதி, என் விகுதி என்று தேர்வில் எழுதினால் அது பொய்ப்பகுதியேதான். ஆனால் அதிலும் ‘பொய்’ நிற்கிறது. போதாதற்கு, ஐயா, எங்கள் தெருவில் ஒரு சிக்கந்தர் இருக்கிறார். கிரேக்க அலெக்ஸாந்தர் அரபுக்குப் போனபோது முன்னாலிருந்த ‘அல்’லை அரபியர் தங்கள் சுட்டு இடைச்சொல் என்று எண்ணிக் கழற்றிவிட்டார்கள். மீந்தது இஸ்கந்தர். பாரசீகம், உருது வழியாக நம்மிடம் வந்தபோது சிக்கந்தர். அவரிடம் போய் உங்கள் பெயர் பொய்ப்பகுதி என்று நீங்கள் சொல்லிவிட்டு வாருங்கள், நான் வாசலில் நிற்கிறேன்.

‘மரூஉ’ என்று எழுதிய நண்பருக்கு: பாதி சரி. ஐத்தா ஓனென் தேய்ந்து ஐத்தோரென் ஆனதுவரை மரூஉ. அதற்குப் பின் நடந்தது வேறு. சுத்தமான மரூஉவுக்கு அதே மொழியில் உதாரணம் வேண்டுமானால் நம் வீட்டுக்குள்ளேயே இருக்கிறது: சேவியர், சவேரியார். ஸ்பெயினின் நவார்ராவில் ஒரு கோட்டை வீட்டின் பெயர் எச்சே பெர்ரி, ‘புது வீடு’. அது உருண்டு ஷாபியெர் ஆயிற்று. அந்த வீட்டில் பிறந்த பிரான்சிஸ் 1542இல் இந்தியா வந்து முத்துக்குளித்துறையில் ஊழியம் செய்ததால், தூத்துக்குடிப் பக்கம் எத்தனையோ பிள்ளைகள் ‘புது வீடு’ என்ற பாஸ்க் பெயரோடு திரிகிறார்கள். அங்கே யாரும் எதையும் தப்பாகப் பிரிக்கவில்லை.

‘புனைபெயர்’ என்றவருக்கு: அது எழுத்தாளர்கள் எடுத்துக்கொண்டுவிட்ட சொல். அதோடு, தெரிந்தே ஆக்கிய பெயர்கள் பாஸ்கில் தனி வகை. பாஸ்க் தேசியவாதி சபினோ அரானா தொடங்கி, அவர் இறந்தபின் லூயிஸ் எலேசால்தே முடித்து 1910இல் வெளிவந்த புனிதர் பெயர்ப் பட்டியலில் அப்படி நிறைய. பேதுருவுக்கு அதில் வைத்த பெயர் கேப்பா. தமிழ் விவிலியம் படித்தவர்களுக்குக் கேபா தெரியும், அதே அரமேயச் சொல். அது திட்டமிட்ட ஆக்கம். ஐத்தோர் திட்டமில்லை, பார்வைத் தடுமாற்றம்.

அப்படியானால் எந்தச் சொல்? சொந்த வீட்டிலேயே தேடினேன். இரண்டு மாதம் முன்பு என் பேத்தி, முதல் வகுப்பு, பள்ளியிலிருந்து வந்ததும் கேட்டாள்: “தாத்தா, ஆருங்கடல் எங்கே இருக்கு?” எனக்கு விளங்கவில்லை. “கருங்கடல், செங்கடல் மாதிரி ஆருங்கடல். தினமும் காலைல பாடுறோமே, நீர் ஆருங்கடல்னு.” நீராருங் கடலை அவள் நீர் + ஆருங்கடல் என்று பிரித்து, நிலப்படத்தில் இல்லாத ஒரு கடலை உண்டாக்கிவிட்டாள். ஷாஓ செய்ததும் இதுவேதான். அவருக்கு இதழ் இருந்தது, இவளுக்கு இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

நம் இலக்கணக்காரர்களுக்கு இது புதிதா? தொல்காப்பியம் புணரியலில் ‘எழுத்தோரன்ன பொருள்தெரி புணர்ச்சி’ என்று இதற்கு ஒரு நூற்பாவே இருக்கிறது. உரையாசிரியர்கள் காட்டும் உதாரணம் ‘செம்பொன்பதின்தொடி’. செம்பொன் பதின் தொடி என்றால் பத்துத் தொடி (பழைய நிறுத்தல் அளவு) பொன், செம்பு ஒன்பதின் தொடி என்றால் ஒன்பது தொடி செம்பு. கடன் கொடுத்தவன் ஒருவிதமாகவும் வாங்கியவன் ஒருவிதமாகவும் பிரித்தால் பஞ்சாயத்துதான். இன்னொன்று ‘குன்றேறாமா’. குன்று ஏறு ஆமாவா (குன்றேறும் காட்டுப்பசு), குன்று ஏறா மாவா (குன்றேறாத விலங்கு)? எழுத்து ஒன்றே, பிரிப்பு இரண்டு, பேசும்போது ஓசை காட்டிக்கொடுக்கும் என்கிறது நூற்பா. வேண்டுமென்றே அப்படிப் பிரித்து விளையாடினால் தண்டியலங்காரம் அதைப் ‘பிரிமொழிச் சிலேடை’ என்கிறது.

அந்தப் ‘பிரி’தான் எனக்கு வேண்டிய சொல். புலவன் தெரிந்தே செய்தால் பிரிமொழிச் சிலேடை. கேட்பவன் தெரியாமல் செய்து, அது நிலைத்தும்விட்டால்? பிரிபிறழ்வு என்கிறேன். விளைந்த சொல் பிரிபிறழ் சொல், பெயரானால் பிரிபிறழ் பெயர். ‘பிரிமயக்கம்’ என்றும் முதலில் எழுதிப் பார்த்தேன். சொல்ல அது இன்னும் எளிது. ஆனால் மயக்கம் என்றால் இரண்டுக்கும் நடுவே நிற்பது. குன்றேறாமா இன்னும் மயக்கத்தில் இருக்கிறது. ஐத்தோர் மயக்கம் தெளிந்து வேறு பக்கம் போய்ச் சேர்ந்துவிட்டான். அதனால் இரண்டையும் வைத்துக்கொள்வோம்: நிலை பிரிமயக்கம், நிகழ்வு பிரிபிறழ்வு. ரகரமும் றகரமும் ழகரமும் வரிசையாக வருவதால் நாக்குச் சுளுக்கும் என்று ஒருவர் எழுதுவார், தெரியும். எழுதட்டும்.

நாரங்காய் மேற்கே போய் ஆரஞ்சாகத் திரும்பி வந்த கதைக்கும் இது பொருந்தும். இத்தாலியில் ‘ஒரு’ என்ற சொல்லின் ஈற்றிலிருந்த னகரம் பழத்தின் முதல் னகரத்தை விழுங்கிவிட்டது. பெயருக்கு மட்டுமின்றிப் பழத்துக்கும் ஓடுகிறது என்பதால் சொல் வேலை செய்யும் என்று நம்புகிறேன்.

ஒரு வேண்டுகோள். தோழி, உங்கள் கட்டுரையில் எனேக்கோ என்ற பெயரும் வருகிறது என்றீர்கள். ‘எனே’ என்றால் ‘என்’, ‘-க்கோ’ குறுமை விகுதி, ‘என் சின்னவன்’ என்று பொருள் சொல்வார்கள். இன்றைய ஸ்பெயினின் வடக்கிலிருந்த பம்ப்லோனா அரசின் முதல் அரசன் பெயர் அது. அதன் இன்னொரு வடிவமான இஞிகோதான் நம் இலயோலா இஞ்ஞாசியாருக்கு ஞானஸ்நானத்தில் வைத்த பெயர். ‘எனே’யும் ‘என்’னும், ஆறாம் வேற்றுமை ‘-என்’னும் நம் ‘-இன்’னும் ஒன்றுபோல் இருப்பதைப் பார்த்ததும் குமரிக்கண்டத்துக்குக் கப்பல் விட நம் குழுமத்தில் ஆள் உண்டு. தயவுசெய்து வேண்டாம். பாஸ்க் உறவு கண்டறியப்படாத தனிமொழி. ஒலி ஒத்தால் உறவு என்று கட்டினால் நாமும் ஆளுக்கொரு ஐத்தோரைப் பெற்றெடுப்போம்.

தோழியின் கட்டுரைக்கு வரைவு வரி:

“ஐத்தோர்: பிரிபிறழ் பெயர். ‘நல்ல தந்தையரின்’ எனப் பொருள்படும் தொடரின் மரூஉ வடிவத்தைத் தனி ஒருவரின் பெயராகப் பிரித்ததால் 1845 அளவில் தோன்றியது.”

‘தோன்றியது’ போதும், ‘தவறாகத் தோன்றியது’ வேண்டாம். மாற்றுக் கருத்து இருந்தால் ஞாயிற்றுக்கிழமைக்குள் எழுதுங்கள், திங்களன்று சொற்பட்டியலில் ஏற்றிவிடுகிறேன். பேத்திக்கு மட்டும் ஆருங்கடல் எங்கே என்று இன்னும் நான் சொல்லவில்லை.