ஜோனதன் கிளேசருக்கு விளம்பரங்கள் வெறும் பிழைப்புதானா?

நிழல்வாசி:
‘தி ஜோன் ஆஃப் இன்டரஸ்ட்’ பார்த்த கையோடு அதன் இயக்குநர் கிளேசரின் பிற படங்களைத் தேடினேன். 2000இல் ‘செக்ஸி பீஸ்ட்’, 2004இல் ‘பர்த்’, 2013இல் ‘அண்டர் த ஸ்கின்’, 2023இல் இது. அவ்வளவுதான். நடுவில் விளம்பரங்களும் இசைக் காணொளிகளும் எடுத்திருக்கிறார். அடுத்த படத்துக்குப் பணம் திரளும்வரை அடுப்பெரிய ஒரு வழி என்று விட்டுவிடலாமா, அல்லது இரண்டுக்கும் உறவு உண்டா?

மூன்றாம்உதவி:
விட்டுவிடாதீர்கள். நான் விளம்பரப் படங்களில் உதவி இயக்குநர்; ஆகவே என் தொழிலுக்காகக் கொஞ்சம் கட்சி கட்டத்தான் செய்வேன்.

1997இல் ரேடியோஹெட் இசைக் குழுவுக்கு அவர் எடுத்த ‘கர்மா போலீஸ்’ காணொளியைப் பாருங்கள். காமிரா காருக்குள் உட்கார்ந்திருக்கிறது. இரவுச் சாலையில் ஓடும் ஒருவனைக் கார் துரத்துகிறது. காமிரா மெல்லத் திரும்பிப் பின்னிருக்கையில் பாடுபவரைப் பார்க்கிறது. மறுபடி சாலைக்கு வருகிறது. பதற்றமே இல்லை. ஓடுபவனுக்காக இரங்கவும் இல்லை.

‘அண்டர் த ஸ்கின்’ படத்தில் அந்தக் கார் வேனாகிறது. ஸ்கார்லெட் ஜோஹான்சன் கிளாஸ்கோ தெருக்களில் ஓட்டிப்போகிறார். உள்ளே சிறு காமிராக்கள் ஒளிந்திருக்கின்றன. பேச்சுக்கொடுத்த ஆண்களில் பலருக்குப் படப்பிடிப்பு என்றே தெரியாது. பிறகுதான் ஒப்புதல் கேட்டார்கள். ‘ஜோன்’ படத்தில் வேன் வீடாகிறது: ஆஷ்விட்ஸ் நாஜி வதைமுகாமின் தளபதி ஹோஸுக்கு முகாம் சுவரை ஒட்டியே இருந்த வீட்டுக்குள் பத்துக் காமிராக்கள் வரை மறைத்துவைத்துவிட்டுப் படப்பிடிப்புக் குழு வெளியேறிவிட்டது. நடிகர்கள் பாட்டுக்குக் குடித்தனம் நடத்துகிறார்கள். மூன்றிலும் அதே ஈரமற்ற கண்.

30 விநாடி விளம்பரத்தில் 720 பிரேம்கள். ஒவ்வொன்றுக்கும் கணக்குக் கேட்க ஆள் உண்டு. காமிராவை எங்கே வைத்தால் பாதி வேலை முடியும் என்பதை அங்கே படிக்காமல் வேறு எங்கே படிப்பது?

திரைச்சீலை:
கண்ணி அழகாகத்தான் கோத்திருக்கிறீர்கள், ‘பர்த்’ மட்டும் அதில் சேராது. அதில் நிக்கோல் கிட்மன் ஓபரா அரங்கில் உட்கார்ந்திருக்கும் காட்சியில், வெட்டே இல்லாமல் இரண்டு நிமிடம்போல அவர் முகத்தையே பார்க்கிறோம். அங்கே ஒளிவும் இல்லை, வேவும் இல்லை. காமிரா முகத்துக்கு நேரே வந்து நிற்கிறது.

மூன்றாம்உதவி:
நியாயமான இடைஞ்சல். ஆனால் அந்த முகத்துக்கும் விளம்பரத்தில் ஒரு முன்னோடி உண்டு. 1999இல் கின்னஸ் பீருக்காக எடுத்த கறுப்பு-வெள்ளை அலைச்சறுக்கு விளம்பரம் ஓர் ஆளின் முகத்தில்தான் தொடங்குகிறது. அவர் அலைக்காகக் காத்திருக்கிறார். நுரையிலிருந்து வெள்ளைக் குதிரைகள் பாய்ந்து வருவதைத்தான் எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறார்கள். விற்க வேண்டிய பொருளை முதலில் காட்டாமல் காத்திருக்கும் முகத்தைக் காட்ட விளம்பரதாரரைச் சம்மதிக்கவைத்தாரே, என் பொறாமை அதில்தான்.

காதுகொடுப்போன்:
ஒலியையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ‘அண்டர் த ஸ்கின்’ படத்துக்கு ஒலி வடிவமைத்த ஜானி பர்ன்தான், டார்ன் வில்லர்ஸுடன் சேர்ந்து ‘ஜோன்’ படத்துக்காக ஆஸ்கார் வாங்கினார். சுவருக்கு அப்பால் முகாமில் நடப்பதைப் படம் காட்டுவதே இல்லை, காதில்தான் விழுகிறது.

நிழல்வாசி:
நன்றி. ஜமிரோக்வாய் குழுவுக்கு 1996இல் எடுத்த ‘வர்ச்சுவல் இன்சானிட்டி’யும் பார்த்தேன். பாடகர் ஆடும் அறையில் வழுக்கிப்போகும் அந்தத் தரையை எப்படி நகர்த்தினார்கள்?

மூன்றாம்உதவி:
தரை நகரவே இல்லை. சுவர்களைத் தள்ளினார்கள், காமிராவும் சுவர்களோடு சேர்ந்தே போனது. அதனால் நம் கண்ணுக்குச் சுவர் நிற்பதாகவும் தரை வழுக்கிப்போவதாகவும் படுகிறது. மறுபடி பார்க்கும்போது சோபாவைக் கவனியுங்கள்.