மோரிஸ் மைனர் கார் ஏற்றத்தில் தட்டுகிறது, டைமிங் (பிளக்கில் பொறி விழும் நேரம்) தெரிந்தவர்கள் உதவுங்கள்

வணக்கம் அண்ணாமார், தம்பிமார். கல்லடியில் இருந்து எழுதுகிறேன். அப்பா ஓடிய மோரிஸ் மைனர் 1000 இப்போது என்னிடம். மட்டக்களப்புக்குள் ஒரு குறையும் இல்லை, நம் ஊரில் ஏற்றம் ஏது? பதுளை வீதியில் பிபிலை தாண்டி ஏறத் தொடங்கினால் என்ஜின் கிணுகிணு என்று தட்டுகிறது. 95 பெற்றோல் அடித்தால் குறைகிறது, நிற்கவில்லை.

பிளக்குகளுக்கு மின்சாரத்தைப் பிரித்துக் கொடுக்கும் டிஸ்ரிபியூட்டருக்குள், திறந்து மூடும் பொயின்ட்டின் இடைவெளி 0.015 அங்குலம் வைத்திருக்கிறேன். 12 வோல்ட் பல்பு ஒன்றை டிஸ்ரிபியூட்டர் வயருக்கும் காரின் இரும்பு பொடிக்கும் இடையில் கொடுத்து, என்ஜினைக் கையால் மெல்லச் சுற்றினேன். புல்லியில் உள்ள வெட்டு, டைமிங் அடையாளத்துக்கு நேரே வரும்போதுதான் பல்பு எரிகிறது, அதாவது நிற்கும்போது டைமிங் சரி. என்ஜினின் உறிஞ்சலால் டைமிங்கை மாற்றும் வக்கூம் குழாயை வாயால் உறிஞ்சினால், உள்ளே பொயின்ட் இருக்கும் பிளேட்டும் அசைகிறது.

அதனால் என் சந்தேகம் பிளேட்டுக்குக் கீழே இருக்கும் இரண்டு ஸ்பிரிங்கிலும்தான். வேகத்தோடு டைமிங்கை முந்தவைக்கும் எடைகளை இழுத்துப் பிடிப்பவை அவைதான்; அவை தளர்ந்தால் வேகம் கூடும்போது டைமிங் தேவைக்கு முன்னதாகவே முந்திவிடும், இல்லையா? ஸ்பிரிங் மாற்றுவதா, அல்லது டிஸ்ரிபியூட்டரில் டைமிங் சரிசெய்யும் திருகைக் கொஞ்சம் பின்னுக்குத் திருப்பினால் போதுமா? பின்னுக்கு அதிகம் போனால் இழுவை குறைந்து என்ஜின் சூடேறும் என்பதால் கை வைக்க யோசனையாக இருக்கிறது.

காத்தான்குடி, கல்முனைப் பக்கம் யாரிடமாவது டைமிங் லைட் (ஓடும் என்ஜினில் டைமிங் பார்க்கும் விளக்கு) இருந்தால் சொல்லுங்கள், காரைக் கொண்டு வருகிறேன்.