‘சிறப்புறவு’ போதுமா? பிரிட்டன்–அமெரிக்கா இயலுக்கு ஒரு சொல் வேண்டும்

செங்காந்தள் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம்.

முதலாண்டு மாணவர்களுக்கான உலக வரலாற்றுப் பாடநூலில் பிரிட்டன்–அமெரிக்கா தூதுறவு பற்றிய இயலை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை மாலைக்குள் கோப்பு அச்சகத்துக்குப் போக வேண்டும். மற்றதெல்லாம் முடிந்துவிட்டது. ‘ஸ்பெஷல் ரிலேஷன்ஷிப்’ என்ற ஒரே தொடர்தான் நிற்கிறது. இயலின் தலைப்பிலேயே அது இருப்பதால் தாண்டிப் போகவும் வழியில்லை.

1946 மார்ச் 5 அன்று, மிசௌரி மாநிலத்தின் ஃபுல்டன் என்ற சிறிய ஊரில், வெஸ்ட்மின்ஸ்டர் கல்லூரியில் சர்ச்சில் பேசிய பேச்சால் இந்தத் தொடர் பரவியது. மேடையில் அன்றைய அமெரிக்க அதிபர் ட்ரூமனும் இருந்தார். ‘இரும்புத்திரை’ பிரபலமானதும் அதே பேச்சால்தான். இரும்புத்திரை தமிழில் சிக்கலில்லாமல் உட்கார்ந்துவிட்டது. இது மட்டும் உட்கார மறுக்கிறது.

இப்போதைக்கு ‘சிறப்புறவு’ என்று போட்டிருக்கிறேன். மனம் ஒப்பவில்லை. ‘விழா சிறப்புற நடந்தது’ என்பதில் வரும் ‘சிறப்புற’தான் முதலில் கண்ணில் படுகிறது. உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

பரிதி எழுதியது:

அக்கா, ‘சிறப்பு உறவு’ என்று பிரித்து எழுதிவிட்டால் சிக்கல் தீர்ந்தது. சிறப்பு வகுப்பு, சிறப்புப் பேருந்து, சிறப்பு அனுமதி என்று மாணவர்கள் தினமும் புழங்கும் சொல். ‘தனி உறவு’ மட்டும் வேண்டாம். வகுப்பில் அதைச் சொன்னால் பாடம் வேறு எங்கோ போய்விடும்.

நன்னூலான் எழுதியது:

அன்புள்ள பரிதி,

‘உயிர்வரின் உக்குறள் மெய்விட்டு ஓடும்’ என்று விதி இருக்கும்போது, படிப்பவர் தடுமாறுவார் என்பதற்காகப் புணர்ச்சியைக் கைவிடலாமா? இன்று ஒரு சொல்லைப் பிரிப்போம், நாளைக்கு எல்லாவற்றையும் பிரித்துப் போடுவோம். சேர்த்து எழுதினால் மயக்கம் தருகிறது என்றால் சொல்லையே மாற்ற வேண்டும். அதுதான் முறை.

என் பரிந்துரை: கெழுதகைமை. குறளில் ‘பழைமை’ அதிகாரத்தைத் திறந்து பாருங்கள். ‘நட்பிற்கு உறுப்புக் கெழுதகைமை’ என்கிறார் வள்ளுவர். நெடுநாள் பழகிய நண்பர் கேட்காமலே உரிமையோடு ஒன்றைச் செய்துவிட்டால், அதற்கு உடன்படுவது சான்றோர் கடன் என்பது குறளின் பொருள். இரண்டு வல்லரசுகள் தம் இரகசியங்களையும் தளங்களையும் பங்கிட்டுக்கொள்வதற்கு இதைவிடப் பொருந்தும் சொல் உண்டா? ஆயத்த நிலையில் இருக்கும் சொல்லை விட்டுவிட்டுப் பிறமொழித் தொடரை ஏன் எழுத்தெண்ணிப் பெயர்க்க வேண்டும்?

கெழு, கெழுமு, கேள், கேளிர், கேண்மை எல்லாம் ஒரே வேர். ‘கேள்’ என்ற வினையோடும் இதற்குத் தொடர்பு உண்டு என்பது என் நெடுநாள் எண்ணம். எவர் சொல்லுக்குச் செவி கொடுக்கிறோமோ அவரே கேளிர். விரிவாகத் தனி மடலில் எழுதுகிறேன்.

மருதம் எழுதியது:

ஐயா, ‘குருவும் கெழுவும் நிறனாகும்மே’ என்று தொல்காப்பிய உரியியல் சொல்கிறதே. அங்கே ‘கெழு’ நிறம் அல்லவா? வேர் ஒன்றுதான் என்றால் நிறத்திலிருந்து நட்புக்கு எப்படி வந்தது?

நன்னூலான் எழுதியது:

நல்ல கேள்வி. நிறம் பொருளின்மேல் பொருந்தி நிற்பது. பொருந்துதலே கெழுமுதல். ஆகவே முரண் இல்லை.

பனங்கூடல் எழுதியது:

வணக்கம். யாழ்ப்பாணத்திலிருந்து எழுதுகிறேன்.

இங்கே நாங்கள் ‘விசேட’ என்று எழுதுவது வழக்கம். விசேட கூட்டம், விசேட அறிவித்தல், விசேட பிரதிநிதி. ஆகவே ‘விசேட உறவு’ என்றால் ஒருவரும் தடுமாறமாட்டார். செங்காந்தள் எழுதிய ‘தூதுறவு’ எனக்கு அழகாகத்தான் இருக்கிறது. ஆனாலும் எங்கள் பத்திரிகைகளில் ‘இராஜதந்திர உறவு’ என்றே வரும்.

நன்னூலான் ஐயா வடசொல் என்று மறுப்பார். ‘வடசொற் கிளவி வடஎழுத்து ஒரீஇ, எழுத்தொடு புணர்ந்த சொல்லாகும்மே’ என்பதும் தொல்காப்பியம்தானே? ‘விசேட’த்தில் வட எழுத்து எதுவும் இல்லை. விதிப்படி அது உள்ளே வந்து வெகுகாலம் ஆயிற்று.

நன்னூலான் எழுதியது:

அம்மா, நூற்பா இடம் கொடுக்கிறது என்பதை ஏற்கிறேன். இடம் கொடுப்பது வேறு, வேண்டுவது வேறு. தமிழில் இல்லாதபோது கடன் வாங்கலாம். இருக்கும்போது ஏன்?

கடலோடி எழுதியது:

நண்பர்களே, சொல்லைப் பற்றியே பேசுகிறோம். அந்தச் சொல் எதைக் குறிக்கிறது என்பதை ஒருமுறை பார்த்துவிடலாம். கெழுதகைமை அருமையான சொல். எனக்கு அதன்மேல் ஆசையும் உண்டு. ஆனால் வரலாறு அதற்கு இடம் கொடுக்கவில்லை.

1945 டிசம்பரை எடுத்துக்கொள்ளுங்கள். போர் முடிந்து சில மாதங்கள்தான் ஆகின்றன. பிரிட்டனிடம் பணமில்லை. பொருளியல் அறிஞர் கெய்ன்ஸ் வாஷிங்டனுக்குப் போய், நன்கொடையாகவோ வட்டியில்லாக் கடனாகவோ கிடைக்கும் என்று நம்பிப் பேசுகிறார். கிடைத்தது 375 கோடி டாலர் கடன், 2 சதவீத வட்டியோடு. கூடவே ஒரு நிபந்தனை: பவுண்டை டாலராகத் தாராளமாக மாற்றிக்கொள்ள விட வேண்டும். 1947 ஜூலையில் அப்படித் திறந்துவிட்டார்கள். டாலர் கையிருப்பு கரைந்த வேகத்தில் ஆகஸ்டிலேயே மூட வேண்டியதாயிற்று. அந்தக் கடனின் கடைசித் தவணையை பிரிட்டன் 2006 டிசம்பரில்தான் கட்டி முடித்தது. அணுகுண்டு ஆய்வில் 1943 கியூபெக் உடன்பாட்டின்படி இரு நாடுகளும் சேர்ந்து உழைத்தன. 1946-இல் அமெரிக்க நாடாளுமன்றம் இயற்றிய மக்மஹோன் சட்டம் அந்தக் கதவையும் சாத்திவிட்டது. சர்ச்சில் ஃபுல்டனில் நின்று பேசிய ஆண்டு அது.

1956 சூயஸ் கால்வாய் நெருக்கடியில் இன்னும் வெளிப்படை. பிரிட்டனும் பிரான்சும் இஸ்ரேலோடு இரகசியமாகத் திட்டம் போட்டு எகிப்தின்மேல் படையெடுத்தன. அமெரிக்க அதிபர் ஐசன்ஹோவரிடம் சொல்லவில்லை. பவுண்டு சரியத் தொடங்கியதும் பன்னாட்டு நாணய நிதியத்திடமிருந்து பணம் எடுக்க லண்டன் முயன்றது. படையை விலக்கினால்தான் ஆதரவு என்று அமெரிக்க நிதித்துறை சொல்லிவிட்டது. 1957 ஜனவரியில் பிரிட்டிஷ் பிரதமர் ஈடன் பதவி விலகினார். கேட்காமலே செய்த உரிமைச் செயலுக்கு நண்பன் உடன்படுவதுதான் கெழுதகைமை என்றால், சூயஸ் அதற்கு நேர் எதிர்.

என் கருத்தில் நம்மிடம் இருக்கும் பொருத்தமான சொல் ‘பங்காளி’. சர்ச்சிலே அந்தப் பேச்சில் ‘ஆங்கிலம் பேசும் மக்களின் சகோதரக் கூட்டுறவு’ என்ற பொருள்படத்தான் சொன்னார். பங்காளி என்றால் வரப்புத் தகராறும் உண்டு, சாவு வீட்டில் தோள் கொடுப்பதும் உண்டு. 1814-இல் பிரிட்டிஷ் படை வாஷிங்டனுக்குள் புகுந்து வெள்ளை மாளிகையைக் கொளுத்தியது. 1859-இல் சான் ஹுவான் தீவில் ஓர் அமெரிக்கர், தன் உருளைக்கிழங்குப் பாத்தியைக் கிளறிய பன்றியைச் சுட்டுவிட்டார். பன்றி பிரிட்டிஷ் ஹட்சன் பே நிறுவனத்துடையது. அதற்காக இரு நாட்டுப் படைகளும் தீவில் எதிரெதிரே முகாம் போட்டன. கடைசியில் ஜெர்மன் பேரரசர் முதலாம் வில்லியம் நடுவராக இருந்து 1872-இல் தீவை அமெரிக்காவுக்குக் கொடுத்தார். வெளியாளைக் கூப்பிட்டு வரப்பை அளந்துகொண்ட கதை இது.

பரிதி எழுதியது:

கடலோடி ஐயா, எழுதியதை அப்படியே வகுப்பில் படித்துக் காட்டப்போகிறேன். ஆனால் ‘பங்காளி உறவு’ என்று பாடநூலில் போட முடியாது. ‘பார்ட்னர்ஷிப்’புக்குப் ‘பங்காளி’, ‘பங்காண்மை’ என்று ஏற்கெனவே எழுதுகிறோம். இரண்டும் மோதும்.

மருதம் எழுதியது:

வேறொரு சொல். புறநானூறு 58. காவிரிப்பூம்பட்டினத்துக் காரிக்கண்ணனார் பாடியது. சோழன் குராப்பள்ளித் துஞ்சிய பெருந்திருமாவளவனும் பாண்டியன் வெள்ளியம்பலத்துத் துஞ்சிய பெருவழுதியும் ஒன்றாக வீற்றிருந்தபோது பாடிய பாட்டு. ‘இருவீரும் உடனிலை திரியீராயின்’ கடல் சூழ்ந்த இவ்வுலகம் உங்கள் கைக்கு வருவது பொய்யாகாது என்கிறார். பாட்டின் துறைக்குப் பெயரே உடனிலை, அதாவது இருவர் ஒன்றாக நிற்பது.

ஃபுல்டன் பேச்சின் சாரம் இதுதானே? இருவரும் பிரியாமல் நின்றால் எவரும் அசைக்க முடியாது என்பது. இருவருக்கும் நடுவே வந்து பிரிக்கப் பார்ப்பவர் பேச்சைக் கேட்காதீர்கள் என்றும் புலவர் எச்சரிக்கிறார். இலக்கணத்திலும் உடனிலை மெய்ம்மயக்கம் என்றால் ஒரு மெய் தன்னோடு தானே மயங்குவது (க்க, ச்ச போல). ஒரே மொழி பேசும் இரு நாடுகளுக்கு இதுவும் ஒத்துவருகிறது.

நன்னூலான் எழுதியது:

மருதம், மனம் நிறைந்துவிட்டது. ‘கெழுதகைமை’யை விட்டுக்கொடுக்கும் அளவுக்கு நிறையவில்லை. ஆனால் ‘உடனிலை’க்கு எதிராக ஒன்றும் சொல்லமாட்டேன்.

பனங்கூடல் எழுதியது:

‘உடனிலை’ அழகு. ஆனால் அது ‘அலையன்ஸ்’ (கூட்டணி) போல ஒலிக்கிறதே. நேட்டோவும் உடனிலைதானே? பிரிட்டனுக்கு மட்டும் என்ன தனி என்பது அந்தச் சொல்லில் இல்லை.

இன்னொன்று. இயலில் இந்தியப் பெருங்கடல் தீவான டியாகோ கார்சியா வருகிறதா? 1966 டிசம்பரில் கடிதப் பரிமாற்றம் மூலம் பிரிட்டன் அந்தத் தீவை அமெரிக்கப் படைத்தளத்துக்குக் கொடுத்தது. வாடகை என்று ஏதும் இல்லை. மறைவாக, பிரிட்டன் வாங்கிய போலாரிஸ் ஏவுகணைச் செலவில் அமெரிக்கா 140 லட்சம் டாலர் தள்ளுபடி கொடுத்தது. அங்கே வாழ்ந்த சாகோஸ் மக்களை 1973-க்குள் முழுவதுமாக வெளியேற்றினார்கள். அவர்களைக் கேட்டு எதுவும் நடக்கவில்லை. 2021-இல் இலங்கைத் தமிழர் சிலர் படகு பழுதாகி அதே தீவில் கரை சேர்ந்து, அங்கேயே ஆண்டுக்கணக்காக முகாமில் இருக்க நேர்ந்தது. இந்த உறவின் விலையை வேறு ஆட்கள் கொடுத்தார்கள். மொழிபெயர்க்கும் சொல் அதைப் புகழ்ச்சியாக ஆக்கிவிடக் கூடாது. ‘சிறப்பு’ என்பதில் உயர்வு என்ற பொருள் ஒட்டிக்கொண்டிருக்கிறது. ‘விசேட’ என்பதில் அது குறைவு. அதனால்தான் அதைச் சொன்னேன், பழக்கத்துக்காக மட்டும் அல்ல.

செங்காந்தள் எழுதியது:

அனைவருக்கும் நன்றி. டியாகோ கார்சியா இயலில் ஒரே வரியாக இருக்கிறது. நானாக விரிக்க முடியாது. ஆசிரியர் குழுவுக்குக் குறிப்பு அனுப்புகிறேன்.

நான் முதலிலேயே சொல்லியிருக்க வேண்டிய ஒரு பத்தி இருக்கிறது. 1964-இல் பிரதமரான ஹெரால்ட் வில்சன் ‘ஸ்பெஷல்’ என்பதை ஒதுக்கி ‘நெருங்கிய’ என்றார். வியட்நாமுக்குப் படை அனுப்ப மறுத்தவரும் அவர். 1970-இல் வந்த எட்வர்ட் ஹீத், ஐரோப்பாவின் பக்கம் சாய்ந்தவர், ‘இயல்பான’ என்றார். 2011-இல் பிரதமர் கேமரனும் அமெரிக்க அதிபர் ஒபாமாவும் ‘இன்றியமையாத’ என்று எழுதினார்கள். நடுவில் 2010-இல் பிரிட்டிஷ் மக்களவையின் வெளியுறவுக் குழு, இந்தத் தொடர் தவறான எண்ணம் தரக்கூடும், தவிர்ப்பதே நல்லது என்று அறிக்கையே கொடுத்தது. ஆக, உறவு என்ற பெயர்ச்சொல் அப்படியே நிற்கிறது, முன்னால் வரும் அடை மட்டும் ஆளுக்கேற்ப மாறுகிறது. பத்தியின் உயிரே அதில்தான் இருக்கிறது.

‘கெழுதகைமை’யோ ‘உடனிலை’யோ போட்டால் அந்தப் பத்தியை எழுதவே முடியாது. மாற்றுவதற்கு அடை இருக்காது. அடையும் ‘உறவு’ம் தனித்தனியாகத் தெரிய வேண்டும்.

கடலோடி எழுதியது:

சரி, இது முடிவான வாதம். பங்காளியைத் திரும்பப் பெறுகிறேன்.

முடிந்தால் ஒன்றைச் சேருங்கள். சர்ச்சில் பேசிய அதே 1946 மார்ச் 5 அன்றுதான் இரு நாடுகளும் உளவுத் தகவல் பகிர்வுக்கான இரகசிய உடன்பாட்டில் கையெழுத்திட்டன. 2010-இல்தான் அதன் வாசகம் வெளியானது. ஊரறிய ஒரு பேச்சு, ஊரறியாமல் ஒரு தாள். கடன், சூயஸ், வியட்நாம் எல்லாவற்றையும் தாண்டி இன்றுவரை நிற்பது அந்தத் தாளும், 1958-இல் அணு ஆயுதக் கதவை மறுபடி திறந்த உடன்பாடும்தான்.

பரிதி எழுதியது:

அப்படியானால் ‘சிறப்பு உறவு’, பிரித்து. தலைப்பில் மேற்கோள் குறி போட்டால் இது பிரிட்டன் சூட்டிய பெயர் என்பதும் விளங்கும். பனங்கூடல் அக்கா சொன்ன உயர்வுப் பொருளும் கொஞ்சம் அடங்கும்.

மருதம் எழுதியது:

எனக்கும் சம்மதம். ‘உடனிலை’யைக் கலைச்சொல் பட்டியலில் ‘அலையன்ஸ்’ எதிரே எழுதி வையுங்கள், வேறொரு நாள் பேசலாம்.

பனங்கூடல் எழுதியது:

நூலின் பின்னிணைப்பில் ‘சிறப்பு உறவு (விசேட உறவு)’ என்று இரண்டும் வரட்டும். இங்குள்ள மாணவரும் அந்நூலைத் தேடிப் படிப்பார்கள்.

செங்காந்தள் எழுதியது:

பின்னிணைப்பில் சேர்த்துவிட்டேன். தலைப்பு: ‘சிறப்பு உறவு’, மேற்கோள் குறியோடு. வில்சனுக்கு ‘நெருங்கிய உறவு’, ஹீத்துக்கு ‘இயல்பான உறவு’. கோப்பு இன்று மாலை போகிறது.

நன்னூலான் எழுதியது:

பெரும்பான்மைக்குத் தலை வணங்குகிறேன், உடன்படவில்லை. புணர வேண்டிய இடத்தில் பிரித்து எழுதியதற்கு என் மறுப்பைக் குழுவின் பதிவில் வைத்துக்கொள்ளுங்கள். 1941 ஆகஸ்டில் நியூஃபவுண்ட்லாந்துக் கடலில் அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட்டும் சர்ச்சிலும் கப்பலில் சந்தித்தார்களே, அப்போது அமெரிக்கா போரிலேயே இல்லை. எந்த ஒப்பந்தமும் கட்டாயப்படுத்தவில்லை. அந்த ஒரு சந்திப்புக்காவது ‘கெழுதகைமை’ பொருந்தும் என்று இன்னும் நம்புகிறேன். செங்காந்தள், அடுத்த பதிப்பு வரும்போது சொல்லுங்கள்.